எழுத்துக் கூட்டிப் படித்தவள்

போன மாதக் கூட்டத்தில் நீங்கள் எல்லோரும் ஒரே குரலில் சொன்னதைக் கேட்டுக்கொண்டு நான் பேசாமல் உட்கார்ந்திருந்தேன். "இந்தக் காலத்துப் பிள்ளைங்களுக்கு ஒரு வரி சேர்ந்தாப்போல படிக்க வரல. நம்ம காலத்துல மூணாங்கிளாஸ் முடிக்கிறதுக்குள்ள பேப்பர் படிப்போம்" என்றீர்கள். நானும் தலையை ஆட்டினேன். அல்சூரிலிருந்து விவேக் நகர் வந்து சேரும்வரை ஆட்டோவில் என்மேலேயே எரிச்சலாக வந்தது. வாழ்நாளில் பாதியைக் கரும்பலகை முன்னால் நின்று கழித்துவிட்டு ஓய்வு பெற்றவர்கள் நாம். நாமே இப்படி ஒரு பொய்யைச் சொல்லிக்கொண்டால் யார் திருத்துவது?

நான் மூன்றாம் வகுப்பில் பேப்பர் படிக்கவில்லை. எனக்குப் படிக்கவே தெரியாது. ஆனால் வகுப்பில் முதல் மாணவி நான்தான்.

எங்கள் தமிழ்ப் பள்ளி பெங்களூர் நீலசந்திராவில், ஓட்டு வீடுகள் இரண்டு பக்கமும் நெருக்கிக்கொண்டிருந்த ஒரு தெருவின் முனையில் இருந்தது. இரண்டாம் வகுப்பும் மூன்றாம் வகுப்பும் ஒரே அறையில். ஒருவருக்கொருவர் முதுகைக் காட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்திருப்போம். இரண்டுக்கும் ஒரே டீச்சர். பின்னால் வந்த இன்னொருவரைச் சின்ன டீச்சர் என்று கூப்பிட ஆரம்பித்ததால் இவர் பெரிய டீச்சர் ஆனார்.

பெரிய டீச்சர் கெட்டவர் இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எண்பது பிள்ளைகளிடம் கத்திக் கத்தி அவருக்குத் தொண்டை போயிருந்தது. எந்நேரமும் வாயில் பனங்கற்கண்டு ஒதுக்கியிருப்பார். அவருக்கு ஒரு குரல் தேவைப்பட்டது. என்னிடம் அது இருந்தது. அதனால் என்னை மானிட்டர் ஆக்கினார்.

திங்கட்கிழமை பாடத்தை அவர் இரண்டு தடவை படிப்பார். இரண்டாம் தடவை முடியும்போது எனக்கு அது மனப்பாடம் ஆகியிருக்கும். அப்புறம் வாரம் முழுக்க நான்தான். போர்டில் எழுதியிருக்கும் வரிகளின் மேல் குச்சியை நகர்த்திக்கொண்டே நான் சொல்ல, வகுப்பு திருப்பிச் சொல்லும். "நாள்தோறும் நன்னீரில் நீராட வேண்டும்." நீராட வேண்டும். "தூய ஆடை உடுத்த வேண்டும்." உடுத்த வேண்டும். குச்சி எந்தச் சொல்லின் மேல் இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. வரி எங்கே முடிகிறது, எங்கே மூச்சு விடவேண்டும் என்பதுதான் தெரியும்.

எழுதுவதும் அப்படியே. போர்டைப் பார்த்து எதையும் அச்சு மாதிரி எழுதிவிடுவேன். என் ஸ்லேட்டை வாங்கி இரண்டாம் வகுப்புக்கும் காட்டுவார் பெரிய டீச்சர். "பாருங்க, முத்து முத்தா இருக்குது." நான் எழுதினது என்னவென்று எனக்குத் தெரியாது என்பது யாருக்கும் தெரியாது. உண்மையைச் சொன்னால், எனக்கும் தெரியாது. படிப்பது என்றால் இதுதான் என்றே நினைத்திருந்தேன்.

அப்பாவுக்கு மில்லில் வேலை. கையெழுத்து மட்டும் போடுவார். ஞாயிற்றுக்கிழமை பக்கத்து வீட்டுக்காரர்கள் வாசலில் உட்கார்ந்திருக்கும்போது என்னைக் கூப்பிடுவார்.

"கண்ணு, அந்தத் தூய்மைப் பாடத்த எட்தாந்து படி. கேக்கட்டும்."

நான் புத்தகத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு ஒப்பிப்பேன். அப்பா மீசையைத் தடவிக்கொண்டு எல்லோர் முகத்தையும் ஒரு சுற்றுப் பார்ப்பார்.

வகுப்பில் கடைசி வரிசையில் ஒரு பெண் உண்டு. வீட்டில் ஊதுபத்தி உருட்டுவார்கள். கரித்தூளையும் பிசின் பொடியையும் தண்ணீர் விட்டுப் பிசைந்து, பலகையில் வைத்து மூங்கில் குச்சியில் உருட்டுகிற வேலை. காலையில் அம்மாவோடு உட்கார்ந்து உருட்டிவிட்டுத்தான் பள்ளிக்கு வருவாள். எவ்வளவு கழுவினாலும் நகக்கண் கறுப்பாகவே இருக்கும். அவளுடைய நோட்டில் ஒவ்வொரு பக்கமும் கறை. பெரிய டீச்சர் அந்த நோட்டைப் பிரித்துக்கூடப் பார்க்க மாட்டார். இரண்டு விரலால் தூக்கி அவள் மடியில் போட்டுவிட்டு, கையை நீட்டச் சொல்வார். அவளை ஊதுபத்திக்காரி என்றுதான் கூப்பிட்டோம். நானும் கூப்பிட்டேன்.

அரைப் பரீட்சை லீவு முடிந்து பள்ளி திறந்தபோது சின்ன டீச்சர் வந்தார். டீச்சர் ட்ரெயினிங் படிக்கிறவர். ஆறு வாரம் எங்கள் வகுப்பில் பாடம் நடத்திப் பழகவேண்டும், கடைசியில் அவர்களுடைய இன்ஸ்டிடியூட்டிலிருந்து ஒருவர் வந்து பார்த்து மார்க் போடுவார் என்று பெரிய டீச்சர் எங்களுக்குச் சொன்னார். நீலக் கரை போட்ட வெள்ளைச் சேலை. இருபது வயதுகூட இருக்காது. மூன்றாம் வகுப்பை அவரிடம் விட்டுவிட்டுப் பெரிய டீச்சர் இரண்டாம் வகுப்புப் பக்கம் நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டார்.

முதல் நாளே சின்ன டீச்சர் என் குச்சியை வாங்கி ஜன்னல்மேல் வைத்துவிட்டார். கோபமாக இல்லை, சிரித்துக்கொண்டேதான். அன்று முழுக்க நான் அந்த ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

பழைய கல்யாணப் பத்திரிகைகளைச் சதுரம் சதுரமாக வெட்டி, பின்பக்கத்து வெள்ளையில் ஒவ்வொரு எழுத்தாக எழுதிக் கொண்டுவந்திருந்தார். அ, ஆ என்று வரிசையாக இல்லை. ட, ப, ம என்று ஆரம்பித்தார். மூன்றையும் வைத்துக்கொண்டு படம், மடம், பட்டம் என்று சேர்க்கச் சொன்னார். சேர்த்ததும் கலைத்துவிடுவார். மறுபடி சேர்க்கவேண்டும். அட்டையின் முன்பக்கத்தில் யாரோ ஒரு மாப்பிள்ளையின் பாதிப் பேர், மஞ்சள் தடவின ஓரம், தங்கக் கலரில் பிள்ளையாரின் ஒரு காது. மஞ்சளும் பசையும் கலந்த ஒரு வாசனை வரும். அதில் ஒரு கைப்பிடி அட்டையை நான் வீட்டுக்குக் கொண்டுவந்து ரொம்ப நாள் ஒரு தகரப் பெட்டியில் வைத்திருந்தேன். வீடு மாறியபோது பெட்டியோடு போயிற்று.

அடுத்த வாரம், வீட்டில் எழுத்து இருக்கிற காகிதம் எது கிடைத்தாலும் கொண்டுவாருங்கள் என்றார். சோப்புக் காகிதம், பஸ் டிக்கெட், பொட்டலம் கட்டின பேப்பர் என்று ஆளுக்கு ஒன்று வந்தது. ஊதுபத்திக்காரி ஒரு கட்டே கொண்டுவந்தாள். ஊதுபத்திப் பாக்கெட்டில் ஒட்டுகிற லேபிள்கள். தமிழ்நாட்டுக்குப் போகிற சரக்கு என்பதால் தமிழில் அச்சடித்திருந்தது. "இது மல்லி டீச்சர், இது சந்தனம், இது ரோஜா" என்று எடுத்து எடுத்து வைத்தாள்.

"எப்படிக் கண்டுபுடிச்சே?" என்றார் சின்ன டீச்சர்.

"மாத்தி ஒட்டிட்டா அம்மா ஒதைக்கும் டீச்சர். இது மொதல்ல 'ம' இருக்குது, இது 'ச' இருக்குது."

சின்ன டீச்சர் அவளை முன்வரிசையில் என் பக்கத்தில் உட்கார வைத்தார். அவள்மேல் கரியும் பிசினும் கலந்த வாசனை அடித்தது. நான் பாவாடையை இழுத்துக்கொண்டு கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தேன்.

எல்லாவற்றையும் கெடுத்தது ஒரே ஒரு வரி. ஒருநாள் காலையில் சின்ன டீச்சர், "இன்னிக்கு உங்க வீட்ல என்ன நடந்துச்சு? யாராவது ஒண்ணு சொல்லுங்க" என்றார். வகுப்பில் எங்களை யாரும் அப்படிக் கேட்டதே கிடையாது. கடைசியில் ஊதுபத்திக்காரிதான் எழுந்து, "இன்னிக்கு நல்லில தண்ணி வர்ல டீச்சர்" என்றாள். தெருக்குழாயை எங்கள் பக்கம் நல்லி என்றுதான் சொல்வோம். எல்லோரும் சிரித்தோம். சின்ன டீச்சர் சிரிக்கவில்லை. சாக்பீஸை எடுத்து, அவள் சொன்னதை அப்படியே போர்டில் எழுதினார். இன்னிக்கு நல்லில தண்ணி வர்ல.

வகுப்பே சேர்ந்து அதைப் படித்தது. எல்லோருக்கும் தெரிந்த விஷயம்தானே. பிறகு சின்ன டீச்சர் வரியின் நடுவில் ஒரு சொல்லின் அடியில் விரலை வைத்து என்னைப் பார்த்தார்.

"மானிட்டர், இது என்ன சொல்லு?"

நான் வரியை முதலிலிருந்து சொன்னேன்.

"முழுசா வேணாம்மா. இது மட்டும்."

எனக்குத் தெரியவில்லை. இன்னிக்கா, நல்லியா, தண்ணியா? அந்த ஒரு நிமிஷம் இப்போதும் எனக்கு அப்படியே நினைவில் இருக்கிறது. என் வாய்க்குள் முழு வரியும் இருந்தது. கண்ணுக்கு முன்னால் முழு வரியும் இருந்தது. இரண்டுக்கும் நடுவே ஒன்றுமே இல்லை. பக்கத்திலிருந்து அவள் மெதுவாக, "தண்ணி" என்றாள். எனக்கு எடுத்துக் கொடுக்கத்தான் சொன்னாள், பாவம். வகுப்பு "ஓ" என்றது.

அன்றைக்குச் சாயங்காலம் அப்பாவிடம் போய் அழுதேன். "புது டீச்சர் பாடமே நடத்தலப்பா. சோப்புக் காயிதத்தப் படிக்கச் சொல்றாங்க. போர்டுல கொச்ச கொச்சயா எழுதறாங்க. என்னை மானிட்டர்லேர்ந்து எடுத்துட்டாங்க." கடைசியாகச் சொன்னது பொய். குச்சியைத்தான் எடுத்தார்.

அப்பா மறுநாள் அரை நாள் லீவு போட்டுவிட்டு வந்தார். கதவோரம் நின்று பெரிய டீச்சரிடம் பேசியது எனக்குக் கேட்டது.

"டீச்சரம்மா, நாங்கதான் படிக்கல. வூட்ல பேசறதயே இஸ்கூல்ல எழுதறதுன்னா, புள்ளய எதுக்கு அனுப்பறது? கீழ கெடக்கிற காயிதத்தப் பொறுக்கறதுக்கா?"

பெரிய டீச்சருக்கு முகம் சுண்டிப்போயிற்று. சின்ன டீச்சர் நடத்துகிற விதம் அவருக்கும் பிடிக்கவில்லை என்று இப்போது தோன்றுகிறது, ஆனால் அதுவரை அவர் கண்டுகொள்ளாமல் இருந்தார். அப்பா போனபிறகு சின்ன டீச்சரைக் கூப்பிட்டார். "இங்க பாரும்மா, நீ ஆறு வாரத்துல போயிருவே. இதுங்களோட மாரடிக்கிறது நான். புத்தகத்துல இருக்கிறத மட்டும் போர்டுல எழுது. பரீட்சைக்கு அதுதான் வரும்."

சின்ன டீச்சர், "சரிங்க டீச்சர்" என்றார். ஜன்னல்மேல் இருந்த குச்சியை எடுத்து என் கையில் கொடுத்தார். நான்தான் போட்டுக்கொடுத்தேன் என்று அவருக்குத் தெரிந்திருக்கும்.

அதற்குப் பிறகு மறுபடியும் நீராட வேண்டும், உடுத்த வேண்டும். ஆனால் மதியம் உப்புமா போட்டு முடிந்ததும், கை கழுவுகிற தொட்டிக்குப் பக்கத்தில் சின்ன டீச்சர் ஊதுபத்திக்காரியோடு அந்த அட்டைகளைப் பரப்பி உட்கார்ந்திருப்பார். நான் தண்ணீர் குடிக்கப் போகிற மாதிரி போய்ப் பார்ப்பேன். "நீயும் வா" என்று இரண்டு தடவை கூப்பிட்டார். போகவில்லை.

மார்க் போடுகிற அம்மா வந்த நாள், அறையில் பினாயில் வாசனை. கண்ணாடி போட்ட, கண்டிப்பான அம்மா. பின்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்து சின்ன டீச்சர் பாடம் நடத்துவதைப் பார்த்துக் குறித்துக்கொண்டார். பிறகு, "பசங்க எப்படிப் படிக்குதுங்கன்னு பாக்கலாம். புத்தகத்த எடுத்து ஒருத்தர் படிங்க" என்றார்.

பெரிய டீச்சர் உடனே என்னைக் காட்டினார். நான் எழுந்து, புத்தகத்தைப் பிரித்து முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு தூய்மைப் பாடத்தைச் சொன்னேன். மணி அடித்த மாதிரி. பழக்க தோஷத்தில் வகுப்பும் கூடவே திருப்பிச் சொன்னது. பாதியில்தான் பார்த்தேன், சின்ன டீச்சர் என் பக்கத்தில் வந்து நின்றிருந்தார். அவர் கண் என் புத்தகத்தின்மேல் இருந்தது. நான் பிரித்து வைத்திருந்தது வேறு பக்கம். ஒரு மாட்டு வண்டிப் படம் போட்ட பக்கம்.

அவர் வாயைத் திறந்திருந்தால் போதும். "அம்மா, இந்தப் பெண் படிக்கவில்லை, புத்தகத்தைப் பாருங்கள்" என்று ஒரு வார்த்தை. இத்தனை நாள் அவர் செய்ததெல்லாம் எதற்காக என்று அந்தக் கண்ணாடிக்கார அம்மாவுக்குப் புரிந்திருக்கும். சின்ன டீச்சர் அதைச் சொல்லாமல் போர்டுப் பக்கம் நகர்ந்துவிட்டார்.

"ரொம்ப நல்லா படிச்சேம்மா" என்றார் அந்த அம்மா. பெரிய டீச்சர் முகம் மலர்ந்தது. "இன்னொருத்தர். நீ படி" என்று அந்த அம்மாவே ஊதுபத்திக்காரியைக் காட்டினார்.

அவளுக்கு எந்தப் பக்கம் என்று யாரும் சொல்லவில்லை. நான் பிடித்திருந்ததைப் பார்த்து அவளும் அந்த மாட்டு வண்டிப் பக்கத்தையே பிரித்தாள். அது நாங்கள் இன்னும் படிக்காத பாடம். விரலை வைத்து ஆரம்பித்தாள். "வ... ண்... டி. வண்டி. வண்டிக்... கா... ரர். வண்டிக்காரர். மாட்... மாட்டை..." நெற்றியில் வேர்த்தது. ஒவ்வொரு சொல்லும் முடியும்போது அது என்னவென்று தெரிந்துகொண்டு தலையைத் தூக்குவாள். பிறகு அடுத்த சொல்லுக்குள் இறங்குவாள். "மாட்டை அவிழ்த்து... த... தண்ணீர்... காட்டினார்." தண்ணீர் என்று வந்தபோது அவளுக்கே சிரிப்பு வந்தது.

"போதும், உக்காரு" என்றார் அந்த அம்மா. சின்ன டீச்சரிடம் திரும்பி, "மூணாங்கிளாஸ்ல இன்னும் எழுத்துக் கூட்டிட்டு இருக்குது. நீங்க வந்து அஞ்சு வாரம் ஆச்சே" என்றார்.

"அம்மா, அது இன்னும் நடத்தாத பாடம். அவளாவே படிச்சா."

"நடத்தாத பாடத்த ஏன் படிக்க விட்டீங்க?"

சின்ன டீச்சர் டஸ்டரை எடுத்துப் போர்டைத் துடைக்க ஆரம்பித்தார். என்ன பதில் இருக்கிறது? நீங்கள் சொல்லுங்கள். இத்தனை வருஷம் பயிற்சி வகுப்புகளுக்குப் போய் வந்திருக்கிறோமே, அந்தக் கேள்விக்கு நம்மில் யாரிடமாவது பதில் இருக்கிறதா?

சின்ன டீச்சருக்கு மார்க் குறைந்துவிட்டது, வேறு பள்ளியில் மறுபடியும் ஆறு வாரம் போடவேண்டுமாம் என்று பெரிய டீச்சர் இன்னொரு டீச்சரிடம் சொல்லிக்கொண்டிருந்தார். கடைசி நாள் எல்லோருக்கும் ஆளுக்கு ஒரு ஆரஞ்சு மிட்டாய் கொடுத்தார் சின்ன டீச்சர். எனக்கும் கொடுத்தார். கன்னத்தைத் தட்டினார். அவர் என்னைத் திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும் என்று தோன்ற எனக்கு முப்பது வயதாக வேண்டியிருந்தது.

ஊதுபத்திக்காரியை அந்த வருஷம் மூன்றிலேயே நிறுத்திவிட்டார்கள். எழுத்துக் கூட்டுகிறாளாம். அவளுடைய அம்மா ஒரு நாள் வந்து, "படிப்பு ஏறலன்னா வுட்ருங்கோ டீச்சரம்மா, கைவேலையாச்சும் ஆவட்டும்" என்று கூட்டிக்கொண்டு போய்விட்டாள். என்னை முதல் பரிசு கொடுத்து நான்காம் வகுப்புக்கு அனுப்பினார்கள். அங்கே வருஷத்தின் நடுவில் ஒரு நாள், தெரியாத ஒரு வரி எனக்குத் தானாகப் புரிந்தது. அந்த அட்டைகளைத் தனியாக வைத்துக்கொண்டு விளையாடிப் பழகியதுதான் காரணம். பெயர் என்னவோ பெரிய டீச்சருக்குப் போயிற்று.

நான் டீச்சரானபிறகு என்ன செய்தேன் தெரியுமா? குரல் நன்றாக இருக்கிற ஒரு பிள்ளையைப் பிடித்து மானிட்டர் ஆக்கினேன். வேறென்ன. எழுபது பிள்ளைகள், போர்ஷன் முடிக்கவேண்டும், இன்ஸ்பெக்ஷன். பெரிய டீச்சர் மாதிரியே எனக்கும் தொண்டை கட்டியது. எத்தனை ஊதுபத்திக்காரிகளை உட்காரச் சொன்னேனோ, கணக்கில்லை. பிற்பாடு சில வருஷங்கள் மாற்றிச் செய்து பார்த்தேன். சத்தம் அதிகம் என்று புகார் வந்தது. மறுபடியும் பழையபடி.

ஐந்தாம் வகுப்பு படிக்கும்போது ஒருநாள் அம்மா என்னை ஊதுபத்தி வாங்கிவர அந்த வீட்டுக்கு அனுப்பினாள். கடையைவிட அங்கே மலிவு. புத்தகப் பையோடேயே போனேன். அவள் வாசலில் பேப்பர் விரித்து ஊதுபத்திகளைக் காயவைத்துக்கொண்டிருந்தாள். குச்சிகளுக்கு நடுவே தெரிகிற பேப்பரைக் குனிந்து படித்துக்கொண்டிருந்தாள் என்பது கிட்டே போனபிறகுதான் தெரிந்தது.

"அஞ்சாவது பொஸ்தகமா? குடு பாக்கலாம்" என்றாள். கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு வாங்கினாள். குடை செய்து விற்கிற ஒருவன் மழைக்காகக் காத்திருக்கிற பாடம் வந்தது. அவனுடைய குடிசையின் படம் போட்டிருந்தது. எனக்கு அது தலைகீழ்ப் பாடம், கேள்வி பதிலோடு. அவள் எழுத்துக் கூட்டிக் கூட்டி, திரும்பத் திரும்ப வரிக்குப் போய், அம்மா உள்ளே இருந்து கூப்பிடக் கூப்பிட, அந்த இரண்டு பக்கத்தையும் முடித்தாள். மழை வந்தது, குடைகள் விற்றன, அவன் மகிழ்ந்தான்.

முடித்துவிட்டு அவள் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மழ வந்தா இவன் வூடு ஒழுவாதா?" என்றாள்.

அந்தப் பாடத்தை எத்தனை தடவை ஒப்பித்திருப்பேன். அந்தக் கூரையை நான் பார்த்ததே இல்லை.

"அது கேள்வில வராது" என்றேன்.

அவள் என்னைப் பார்த்தாள். கேலியாக இல்லை; நான் சொன்னது புரியாத மாதிரி. "அடுத்த பாடம் நாளைக்குப் படிச்சிக்கவா? நீ இந்தப் பக்கம்தானே போவே?" என்றாள்.

"எடுத்தாறேன்" என்றேன்.

அடுத்த நாள் பள்ளி விட்டதும் பின்தெரு வழியாக வீட்டுக்குப் போனேன். அது சுற்றுவழி, கால் மணி நேரம் கூடுதலாகும். ஏழாம் வகுப்பு முடிகிற வரைக்கும் அந்த வழியாகத்தான் போனேன்.